ஓசூர் மண்ணில் விளைந்த எண்ணூர் கேரட்

நைனா,

முதலில் ஒரு வெட்கக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். உன் வீட்டில் நான் திருடியிருக்கிறேன். பதறிப்போய் பீரோவைத் திறக்காதே. உன் பெண்டாட்டி கவிதாவின் கொலுசு அவள் காலில்தான் இருக்கும். நான் திருடியது மண். உன் வீட்டுப் பின்பக்கத்துச் சிவப்பு மண். பாப்பா பிறந்த பிறகு ஓசூருக்கு எத்தனை முறை வந்தேனோ, அத்தனை முறையும் திரும்பும்போது ஒரு கட்டைப்பை நிறைய அள்ளிக்கொண்டுதான் வந்தேன். மேலே இரண்டு புடவையை மடித்துப் போட்டு மூடிவிடுவேன். பஸ் ஏற்றிவிடும்போது நீ பையைத் தூக்கிப் பார்த்து, "என்னம்மா இவ்ளோ கனமா இருக்கு?" என்று கேட்டாய். "உன் மாமியார் குடுத்த பலகாரம்டா" என்றேன். அந்த அம்மா எனக்கு ஒரு முறுக்குகூடக் கொடுத்ததில்லை என்பது உனக்கும் தெரியும், ஆனால் நீ நம்பினாய். மாமியார் வீட்டைப் பற்றி நல்லதாக எது சொன்னாலும் நம்புகிற பிள்ளை நீ.

கோயம்பேட்டில் இறங்கி மெட்ரோவுக்குப் போனால் பையை மெஷினுக்குள் விடச் சொல்வார்களே, அங்கேதான் மாட்டினேன். டிவிப் பெட்டியைப் பார்த்துக்கொண்டிருந்த பெண், என் பை உள்ளே போனதும் நிமிர்ந்து உட்கார்ந்தது.

"ஆயா, இன்னா கீது பையில?"

ஆயா என்றதிலேயே எனக்குப் பாதிக் கோபம். "அக்கான்னு கூப்புடு, சொல்றேன்."

"சரிக்கா, இன்னா கீது?"

"மண்ணு."

"மண்ணா? இன்னாத்துக்கு?"

"கேரட்டு போட. எண்ணூருக்கு எட்த்துகினு போறேன்."

"ஏங்க்கா, எண்ணூர்ல மண்ணே இல்லியா?"

"கீதுமா. எம்மவன்தான் அது மண்ணே இல்லன்றான்."

வரிசையில் நின்றவர்களெல்லாம் சிரித்தார்கள். நானும் சேர்ந்து சிரித்தேன். வண்டியில் ஏறி உட்கார்ந்து, பையைக் காலுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு வந்தேன். டோல்கேட் ஸ்டேஷன் தாண்டுவதற்குள் சிரிப்பு வற்றிவிட்டது.

இதை நான் சாகும்வரை சொல்லியிருக்க மாட்டேன். போன வாரம் நீயாகப் போன் செய்து வாயைப் பிடுங்கினாய். "அம்மா, கேரட்டெல்லாம் ரெண்டு கால், மூணு காலா கோணிக்கினு வருது. அன்னிக்கு நீ மண்ணை எப்படித் தயார் பண்ண?" என்று கேட்டாய். ஓசூருக்குப் போய் நாக்கைச் சலவை செய்துகொண்டவன் நீ. அவசரத்தில் 'கோணிக்கினு' என்று வந்துவிட்டது பார், அதைக் கேட்டதும் எனக்கு அவ்வளவு சந்தோஷம். எழுதி அனுப்புகிறேன் என்றேன். வாயால் சொன்னால் போதாதா என்றாய். போதாது. வாயால் சொன்னால் நான் கிண்டல் செய்துகொண்டே சொல்லுவேன், நீ சிரித்துக்கொண்டே கேட்பாய், கடைசியில் இரண்டு பேரும் ஒன்றும் பேசாத மாதிரிதான் ஆகும். நம் வீட்டில் இத்தனை வருஷமும் அப்படித்தான் ஓடியது. ஆறாம் வகுப்பைப் பாதியில் விட்டவள் எழுத்து இது. புரியாத இடத்தைக் கவிதாவிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லாதே. ஏன் என்று போகப்போகத் தெரியும்.

மண்ணைப் பற்றிக் கேட்டாய் அல்லவா, முதலில் அதைச் சொல்கிறேன். கேரட்டுக்கு மேல்மண்ணைக் கிளறி விட்டால் போதாது. முழங்கை முங்குகிற ஆழத்துக்குத் தோண்ட வேண்டும். நீ வெண்டைக்காய்க்குத் தோண்டுகிற மாதிரி மேலாகச் சொறிந்து விட்டிருப்பாய், நீ கடப்பாரை பிடிக்கிற லட்சணம் எனக்குத் தெரியாதா. தோண்டும்போது மண் சேறாகவும் இருக்கக் கூடாது, கல்லாகவும் இருக்கக் கூடாது. ஒரு பிடி எடுத்து அமுக்கு. உருண்டை பிடிக்க வேண்டும், விரலால் தட்டினால் உதிர வேண்டும். அதுதான் பதம். ஈரத்தில் தோண்டினால் கட்டி கட்டியாகக் காய்ந்துவிடும். பிறகு உளியால்தான் உடைக்க வேண்டும். உங்கள் ஊர் மண்ணில் சின்னச் சின்னக் கல் நிறைய. கீழே போகிற கிழங்கு கல்லில் முட்டினால் என்ன செய்யும், இரண்டாகப் பிரிந்து இரண்டு பக்கமும் போகும். அதுதான் உன் மூணு கால். ஆகவே மண்ணைச் சலித்தாக வேண்டும்.

சலிப்பதில் நான் பட்ட அசிங்கம் உனக்குத் தெரியாது, நீ வேலைக்குப் போயிருந்தாய். பாப்பா பிறந்து நான் அங்கே தங்கியிருந்தபோதுதான் முதல் பாத்தி போட்டேன். உங்கள் ஊரில் வெயிலும் கடிக்காது, குளிரும் கொல்லாது. எந்த மாசமும் கேரட் வரும் என்று பக்கத்து நிலத்தில் வேலை செய்கிற முனிரத்தினம்மா சொன்னாள். பாப்பா சோறு தின்னத் தொடங்கும்போது வீட்டுக் கேரட்டை வேகவைத்து மசித்துக் கொடுக்கலாம் என்று எனக்கு ஆசை. தண்டையார்பேட்டை குடோனில் கப்பல் சரக்கைச் சலித்துச் சலித்தே தோள் தேய்ந்தவளாயிற்றே நான், மண் சலிப்பது ஒரு வேலையா என்று இறங்கினேன். குடோனில் சல்லடைக்கு மேலே நிற்பதுதான் சரக்கு, கீழே விழுவது தூசி. கைப்பழக்கம், என்ன செய்வது. காலை முழுக்கச் சலித்து, கீழே விழுந்த நல்ல மண்ணையெல்லாம் வேலியோரம் கொட்டிவிட்டு, மேலே நின்ற கல்லைப் பத்திரமாகக் குவித்து வைத்திருக்கிறேன். முனிரத்தினம்மா வேலிக்கு அந்தப்பக்கம் நின்று பார்த்துவிட்டு, "ஏம்மா, கல்லு வெதைக்கப் போறியா?" என்று கேட்டாள்.

அதோடு விட்டேனா. அடுத்த முறை வரும்போது குடோன் முதலாளி அண்ணாச்சியிடம் சொல்லி பழைய கசகசாச் சல்லடை ஒன்றைக் கொண்டுவந்தேன். நன்றாக வரட்டும் என்று மண்ணை மாவு மாதிரி சலித்துப் போட்டேன். பார்க்க அழகாக இருந்தது, கேழ்வரகு மாவைக் கொட்டின மாதிரி. ஒரு மழை பெய்தது. மேலே அடை தட்டின மாதிரி இறுகி, ஒரு விதைகூடத் தலை நீட்டவில்லை. மண்ணுக்கு மூச்சு விட இடம் வேண்டும் என்பது எனக்குத் தெரியவில்லை. கடலைச் சல்லடை போதும், நைனா. கடலை அளவுக்கு மேல் இருக்கிற கல்லும் கட்டியும் போனால் சரி. கொஞ்சம் சொரசொரப்பு இருக்கட்டும். இறுகுகிற மண் என்றால் ஆற்று மணல் கலந்துகொள். எரு போடும்போது பழைய எருவாகப் பார்த்துப் போடு, மாட்டு வாசனையே போய் மண் வாசனை வந்துவிட்ட எரு. ஆசைப்பட்டுப் புதுச் சாணியைப் போட்டால் மேலே தழை தழைத்து ஆடும், கீழே கிழங்கு கிளை கிளையாகப் பிரியும். ஒரு பிடி சாம்பல் தூவலாம். விறகுச் சாம்பல். எங்கள் ஊர்ச் சாம்பல் இல்லை.

எங்கள் ஊர் என்று எழுதிவிட்டேன் பார். நம் ஊர் என்றுதான் எழுத வந்தேன்.

அந்தச் சாம்பலைப் பற்றி நீ சொன்னதை நான் மறக்கவில்லை. கவிதாவுக்குப் பால் ஊறட்டும் என்று மாடியில் தொட்டி வைத்து வளர்த்த முருங்கைக்கீரையைப் பறித்து, ஈரத்துணியில் சுற்றி, இரவெல்லாம் பஸ்ஸில் மடியில் வைத்துக் கொண்டுவந்தேன். நீ அதை வாங்கி, துவைக்கிற கல்லின் மேல் வைத்தாய். மத்தியானம் வரை அங்கேயே கிடந்தது. "சமைக்கலியாடா?" என்று கேட்டதற்கு, "அம்மா, அங்க இருக்கிறது மண்ணே இல்ல. சாம்பலும் ஆயிலும்தான். அதுல விளைஞ்சதை இவ சாப்பிட்டா பாலு வழியா பாப்பாவுக்குத்தான் போகும்" என்றாய். மெதுவாகத்தான் சொன்னாய். கத்தியிருந்தால் நானும் கத்தியிருப்பேன். நான் என்ன செய்தேன், "ஆமாடா, அந்த மண்ணுல விளைஞ்சதுதான் நீ, அதான் இப்டி கீற" என்றேன். நீ சிரித்தாய். கீரை சாயங்காலம் குப்பைக்குப் போனது.

நீ சொன்னது பொய் என்று நான் சொல்லவில்லை. பொய்யாக இருந்தால் எனக்கு இவ்வளவு எரியாது. காலையில் மாடிக் கைப்பிடிச் சுவரைத் தடவினால் உள்ளங்கை சாம்பல் நிறமாகிறது, எந்தப் புகைபோக்கி அனுப்பியதோ. நீ சின்னப் பிள்ளையாக இருந்தபோது, "ஊட்டிக்குப் போனா காசு செலவு, நமக்குப் பனி வூட்டுக்கே வருது" என்று உன்னிடம் கிண்டல் செய்வேன். நீ நம்பி, அந்தச் சுவரில் விரலால் எழுதிப் பழகினாய். உன் முதல் 'அ' அங்கேதான். சிலேட்டு வாங்கியும் உனக்கு அந்தச் சுவர்தான் பிடித்தது. குளிர் மாசம் வந்தால் உனக்கு இழுப்பு வரும். உன்னைத் தோளில் போட்டுக்கொண்டு உன் அப்பா தெருவில் நடப்பார். பிறகு அவருக்கே இழுப்பு வந்தது, அவரைத் தூக்கிக்கொண்டு நடக்கத்தான் ஆள் இல்லை. இதெல்லாம் எனக்கும் தெரியும், நைனா. நீ வந்து சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஆனால் இதே மாடியில் வைத்துத்தான் உனக்கு நிலாவைக் காட்டிச் சோறு ஊட்டினேன். நீ அதைத் தின்றுதான் ஓசூர் போகிற அளவுக்கு வளர்ந்தாய்.

'அது மண்ணே இல்ல' என்று நீ சொன்ன அன்றைக்குத்தான் முதல் பையை அள்ளினேன். உன் கணக்குப்படியே செய்து காட்டுவோம் என்று ஒரு வீம்பு. காசிமேட்டிலிருந்து இரண்டு பழைய மீன் பெட்டி வாங்கி, சோப்புப் போட்டுத் தேய்த்து, அடியில் ஓட்டை போட்டேன். உன் மண்ணைக் கடலைச் சல்லடையில் சலித்து நிரப்பினேன். எருவும் முனிரத்தினம்மா கொடுத்ததுதான். இங்கே போர் தண்ணீர் உப்பு, குழாய் தண்ணீருக்கும் நீ ஏதாவது சொல்லுவாய் என்று கேன் தண்ணீர் வாங்கி ஊற்றினேன். கேன் போடுகிற பையன் கேட்டான், "யக்கா, வூட்ல விருந்தாளியா?" ஆமாம் என்றேன். கார்த்திகை மழை ஓய்ந்ததும் விதையை மணலோடு கலந்து கோடு கிழித்துத் தூவி, முளைக்கிறவரை ஈரச் சாக்கால் மூடி வைத்தேன். முளைத்த பிறகு பழைய புடவையைப் பந்தல் மாதிரி கட்டினேன். தினமும் காலையில் புடவையை அவிழ்த்துத் தெருப்பக்கம் உதறுவேன். என்ன உதிர்ந்தது என்று எழுதப் போவதில்லை. காற்றை மட்டும் ஓசூரிலிருந்து கட்டைப்பையில் கொண்டுவர முடியவில்லை.

இதையெல்லாம் உன்னிடம் சொல்லவில்லை. பாப்பா முதல் மொட்டைக்கு இங்கே வரும், அப்போது மடியில் வைத்து ஊட்டிவிட்டு, தின்று முடித்த பிறகு உன் முகத்தைப் பார்த்துச் சொல்லலாம் என்று இருந்தேன். எனக்கு அப்படிப்பட்ட புத்தி என்று உனக்குத் தெரியும். உனக்கும், உன் அப்பாவுக்கும், அவர் அப்பாவுக்கும் தெருக்கோடி அம்மன் கோயிலில்தான் முதல் முடி இறக்கியது. முடியை மஞ்சள் துணியில் கட்டிக் கடலில் விட்டோம். பாப்பாவுக்கும் அங்கேதான் என்று பிறந்த அன்றைக்கே நீ வாயால் சொன்னாய். மாசியில் ராயபுரத்தில் உன் தோஸ்து கல்யாணத்துக்கு நீ தனியாக வந்தாயே, வீட்டுக்கு வந்து தண்ணீர் குடித்துவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாய்: "அம்மா, மொட்டையை ஓசூர்லயே வெச்சிக்கலாம்னு இருக்கோம். பாப்பாவை இந்தக் காத்துல கொண்டுவர வேணாம்னு பாக்கிறேன். நீ ரெண்டு நாள் முன்னாடியே வந்துடு. வந்தா அங்கயே இருந்துடேன்."

நான் என்ன சொன்னேன் என்று ஞாபகம் இருக்கிறதா? "அம்மனையும் மெட்ரோல இட்டுகினு வரட்டா?" என்றேன். நீ சிரித்தாய். நான் மாடிக்குப் போய் ஒரு பெட்டிக் கேரட்டைப் பிடுங்கி, கேன் தண்ணீரிலேயே கழுவி, மஞ்சள் பையில் போட்டுக் கொடுத்தேன். "பாப்பாவுக்கு மசிச்சிக் குடு, ஒண்ணும் ஆவாது" என்றேன். சரிம்மா என்று வாங்கிக்கொண்டாய். ஒரு கேரட்டை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாய். நேராக இருந்தது. நேராக எப்படி வந்தது என்று கேட்பாய் என்று நின்றேன். கேட்கவில்லை.

அப்புறம் கவிதா போன் செய்தாள். காய்கறி மசித்துக் கொடுக்கத் தொடங்கிவிட்டோம் என்றாள். "கேரட்டு துன்னுச்சா?" என்று கேட்டேன். "எந்தக் கேரட்டு அத்தை?" என்றாள். அந்தப் பெண்ணுக்கு ஒன்றும் தெரியாது. "அவர் கல்யாணத்துல குடுத்த தாம்பூலப் பை மட்டும்தானே கொண்டுவந்தார். நீங்க ஏதாவது குடுத்தீங்களா?" போனை இன்னொரு காதுக்கு மாற்றிக்கொண்டேன். பிறகு, "இல்லமா, குடுக்கலாம்னு நெனச்சேன். மறந்துட்டேன். வயசாவுதுல்ல" என்றேன். நீ உன்னைப் பெற்றவளிடம் கேட்காமல் தூக்கிப் போட்டதை, நான் உன் பெண்டாட்டியிடம் மறைத்திருக்கிறேன். அதனால்தான் இதை அவளிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லாதே என்றேன். எங்கே போட்டாய்? கோயம்பேட்டிலா, பஸ் ஜன்னல் வழியாகவா? மாட்டுக்குப் போட்டிருந்தால் பரவாயில்லை. குப்பைத் தொட்டியாக இருந்தால் சொல்லாதே.

நீ எறிந்தது எண்ணூர் மண் இல்லை, நைனா. உன் வீட்டு மண். உன் பெயரில் பத்திரம் போட்ட மண். அதில் என்னுடையது என்று ஏதாவது இருந்தது என்றால் என் கைதான். அது ஆகாது என்றால், பாப்பா பிறந்த அன்றைக்கு முதல் குளியல் ஊற்றியதும் இதே கைதான். அன்றைக்கு நீ ஒன்றும் சொல்லவில்லை.

அந்தக் கவிதா போனுக்கு மறுநாள்தான், மண்ணை எப்படித் தயார் செய்வது என்று நீ கேட்டாய். எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. சொல்லித்தருகிறேன் என்று சொல்லிவிட்டேன், அதனால் முழுதாகச் சொல்லிவிடுகிறேன். விதைத்து முளைத்து விரல் உயரம் வந்ததும் நெருக்கமாக இருப்பதைக் களைந்துவிடு. நன்றாக இருக்கிற செடியையும் பிடுங்கத்தான் வேண்டும், இல்லாவிட்டால் ஒன்றும் பருக்காது. உனக்குக் கஷ்டமாக இருக்காது. பிடுங்கியதை வேறு இடத்தில் நட்டுப் பார்க்காதே. கத்திரி, தக்காளி மாதிரி இல்லை இது. கேரட்டை எடுத்து நட்டால் ஒழுங்காக வராது, விதைத்த இடத்திலேயே இருந்தால்தான் உண்டு. 'அங்கயே இருந்துடேன்' என்று நீ கூப்பிட்டதற்கு நான் பதில் சொல்லவில்லை என்று கவிதா வருத்தப்பட்டாளாம். பதில் இதுதான் என்று சொல்.

ஓசூர் மொட்டைக்கு நான் வருவேன். அப்பனைப் பெற்றவள் வராமல் போனால் நாலு பேர் பேசுவார்கள். முன்வரிசையில் உட்கார்ந்து, உன் மாமியாரோடு சிரித்துப் பேசி, வடை இரண்டு அதிகமாகவே தின்றுவிட்டு வருவேன். இந்த முறை மண் அள்ள மாட்டேன், பயப்படாதே.

ஒன்றே ஒன்று. இரண்டு பெட்டியில் ஒன்றைத்தான் உனக்குப் பிடுங்கிக் கொடுத்தேன். இன்னொரு பெட்டி அப்படியே மாடியில் இருக்கிறது. கேரட்டை உடனே எடுக்க வேண்டும் என்றில்லை, மண்ணுக்குள்ளேயே கொஞ்ச நாள் இருக்கும். ரொம்ப நாள் விட்டால் நடுவில் கட்டை விழுந்துவிடும், வேகாது, குழந்தை வாயில் வைக்க முடியாது. வெயில் வேறு ஏறுகிறது. அதற்குள் ஒரே ஒரு நாள், காலையில் வந்து சாயங்காலம் போகிற மாதிரி, பாப்பாவை இந்த வீட்டுக்குக் கொண்டுவர முடியுமா என்று பார். ஜன்னலையெல்லாம் சாத்தி, தரையை மூன்று முறை துடைத்து வைக்கிறேன். கெஞ்சவில்லை. கேரட் வீணாகிறது என்பதற்காகச் சொல்கிறேன்.

இதைக் காலையில் இந்த இடம் வரை எழுதிவிட்டு, தபால் உறை வாங்கக் கடைக்குப் போனேன். மாடிக் கதவைச் சாத்த மறந்துவிட்டேன். பக்கத்து வீட்டு மெகருன்னிசா பக்ரீத்துக்கு ஒரு ஆடு வளர்க்கிறாள். நான் திரும்பி வந்தபோது அது மாடியில் நின்றிருந்தது. புடவைப் பந்தலைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, தழையைத் தின்று, பெட்டியைக் கவிழ்த்து, கிழங்கையும் ஒன்று விடாமல் தின்றிருந்தது. மெகருன்னிசா மூச்சு வாங்க ஓடிவந்து பார்த்துவிட்டு, "யக்கா, ஆட்டுக்கு ஒண்ணும் ஆவாதில்ல?" என்று கேட்டாள். தெரியாது, பார்ப்போம் என்றேன். இரண்டு பேரும் சாயங்காலம் வரை உட்கார்ந்து பார்த்தோம்.

ஆடு நன்றாகத்தான் இருக்கிறது.